கூட்டுக் கடையின் தொலைபேசி

மலைநாட்டு வாணிகம் என்பது தூரத்தை வெல்லும் தொழில். 1884 ஆம் ஆண்டிலே புகையிரதப் பாதை அட்டனை அடைந்தது. அடுத்த ஆண்டிலே நானுஓயாவை எட்டியது. அரிசி மூடையும் துணிக்கட்டும் அப்பாதையாலே மேலே ஏறின. தேயிலைப் பெட்டிகள் கீழே இறங்கின. சரக்கு ஏறுமுன் கொழும்பிலே விலை ஏறுகின்றதா, இறங்குகின்றதா என்பதை அறிந்தவனே இலாபங் கண்டான். தபாலையும் தந்தியையும் நம்பியிருந்த கடைக்காரனுக்குத் தொலைபேசி கிடைத்தபோது, கொழும்புப் புறக்கோட்டையே அவனுடைய மேசைக்கு வந்து சேர்ந்தது எனலாம். நுவரெலியாவிலே கரட்டும் லீக்ஸும் உருளைக்கிழங்கும் லொறியில் ஏற்றுகின்றவர்கள், கொழும்புச் சந்தையின் அன்றைய விலையைக் கேட்டறிந்த பின்னரே தோட்டக்காரனுக்கு விலை சொல்வார்கள்.

அத்தகைய கருவி எளிதிற் கிடைத்ததன்று. 1990 களின் நடுப்பகுதி வரை இலங்கையிலே புதிய தொலைபேசி இணைப்பொன்றுக்காக ஆண்டுக்கணக்கிற் காத்திருப்பது வழக்கமாயிருந்தது. ஆகவே கடையில் இருந்த ஒரே இணைப்பு, கடையின் தராசையும் பெட்டகத்தையும் விட அருமையாகப் பேணப்பட்டது. அருமையான பொருள் எங்கே உண்டோ, அங்கே வழக்கும் உண்டு.

மலைநாட்டு நகரங்களிலே கடைகள் பல கூட்டு வியாபாரமாகவே வளர்ந்தன. ஒருவர் முதல் போடுவார். மற்றவர் உழைப்பைப் போடுவார். ஒரே ஊரிலிருந்து வந்தவர்கள், மைத்துனன் முறையினர், அண்ணன் தம்பியர் எனச் சேர்ந்து கடை நடத்துவர். தோட்டத்துக் குடும்பங்களுக்குச் சம்பள நாள் வரை பற்றிலே சாமான் கொடுத்து, சம்பள நாளிலே வசூலிக்கும் வியாபாரத்துக்கு இரண்டு பேராவது வேண்டும். ஒருவர் கடையிலிருக்க, மற்றவர் தோட்டத்துக்குப் போகவேண்டும். பெரிய அளவிலும் கதை இதுவே. தோட்டங்களை மேற்பார்த்த ஏஜென்சி நிறுவனங்கள் பலவும் தொடக்கத்திலே பங்குடைமைகளாகத்தான் இருந்தன. 1835 இல் நிறுவப்பட்ட ஜோர்ஜ் ஸ்டூவர்ட் நிறுவனம் அவற்றுள் மூத்தது.

இனி, ஓர் உதாரணத்தைக் கொள்ளலாம். அட்டன் கடைவீதியிலே இருவர் கூட்டாகப் பலசரக்குக் கடை வைத்திருக்கின்றனர். தொலைபேசி விண்ணப்பத்திலே எழுதப்பட்டிருப்பது கடையின் பெயர். கையொப்பமிட்டிருப்பவர் மூத்த பங்காளி. பத்தாண்டுகள் கழிகின்றன. மனக்கசப்பு ஏற்பட்டு, இளையவர் விலகி, எதிர்ச்சாரியிலே தனிக்கடை திறக்கிறார். அல்லது மூத்தவர் காலமாகிறார். அவருடைய மனைவியின் வீட்டுக்குத் தொலைபேசிக் கட்டணப் பட்டியல் வந்து சேர்கிறது. அப்போது மூன்று கேள்விகள் எழுகின்றன. பாக்கியை யார் கொடுப்பது? இணைப்பு யாருக்குச் சேரும்? வாடிக்கைக்காரர் மனத்திலே பதிந்த அந்த இலக்கம் யாருடையது?

இம்மூன்றையும் ஒரே கேள்வியென எண்ணுவதாலேயே சச்சரவு வளர்கிறது. பெயர் என்னுடையது, ஆகவே தொலைபேசியும் என்னுடையது என்பார் ஒருவர். பணம் கட்டியவன் நான், ஆகவே இலக்கமும் எனக்கே என்பார் மற்றவர். சட்டமோ மூன்றையும் பிரித்தே பார்க்கிறது. முதற் கேள்வி, கடைக்கும் வெளியாருக்கும் இடைப்பட்டது. இரண்டாவது, பங்காளிகள் தமக்குள்ளே தீர்த்துக்கொள்ள வேண்டியது. மூன்றாவது, கடையின் நற்பெயரைப் பற்றியது. ஒவ்வொன்றுக்கும் தனித்தனி விதி உண்டு.

இலங்கையிலே பங்குடைமைக்கெனத் தனியாக இயற்றிய முழுச் சட்டம் இல்லை. 1852 ஆம் ஆண்டிலே தொடங்கி 1866 ஆம் ஆண்டிலே விரிவாக்கப்பட்ட குடியியற் சட்டக் கட்டளைச் சட்டம், பங்குடைமை விடயத்தில் இங்கிலாந்தின் சட்டமே இங்கும் செல்லும் என விதித்தது. அதனால் 1890 ஆம் ஆண்டின் ஆங்கிலப் பங்குடைமைச் சட்டம் அட்டன் கடைவீதி வரை வந்து நிற்கிறது. நிலம், சீதனம், முதுசொம் என்பவற்றிலே உரோமன் டச்சுச் சட்டத்தையும் ஊர் வழக்குச் சட்டங்களையும் கேட்டுப் பழகியவர்கள், கூட்டு வியாபாரத்திலே வேறொரு சட்டத்தின் முன் நிற்கிறார்கள் என்பதை நினைவிற்கொள்ளல் வேண்டும்.

அச்சட்டத்தின் முதற் பாடம், கூட்டுக் கடை ஓர் ஆளன்று என்பதாகும். கம்பனி என்பது சட்டத்தின் கண்ணுக்குத் தனியொரு மனிதனைப் போன்றது. அதன் கடன் அதனுடையது. பங்குடைமைக்கு அத்தகைய தனியுடல் இல்லை. பலகையிலே எழுதிய பெயர், பங்காளிகள் எல்லோரையும் சுருக்கமாக அழைக்கும் ஒரு சொல்லே. ஆகவே தொலைபேசிப் பதிவேட்டிலே கடையின் பெயர் இருக்குமாயின், அங்கே சந்தாதாரராக நிற்பவர்கள் அப்போதைய பங்காளிகள் யாவரும் ஆவர். கையொப்பமிட்டவர் ஒருவராயினும், கடையின் சாதாரண அலுவலுக்காக அவர் இட்ட கையொப்பம் மற்றவரையும் கட்டும். ஒவ்வொரு பங்காளியும் மற்றவர்களின் முகவர் என்பது விதி. கையெழுத்து என்னுடையதன்று என்று கூறி இளையவர் தப்ப முடியாது.

இங்கேதான் முதற் கேள்விக்கு விடை தொடங்குகிறது. பங்காளி விலகினாலும், அவர் பங்காளியாக இருந்த காலத்துக் கடன் அவரை விட்டு விலகாது. கடன் கொடுத்தவரும் தொடர்ந்து கடை நடத்துபவரும் விலகியவரும் ஒத்துக்கொண்டாலன்றி அப்பொறுப்பு நீங்காது. விலகிய பின்னர் ஏற்பட்ட கடன் அவருடையதன்று என்பதே நியாயம். ஆனால் அந்நியாயத்துக்கு ஒரு நிபந்தனையுண்டு. கடையுடன் ஏற்கெனவே கொடுக்கல் வாங்கல் வைத்திருந்தவருக்கு விலகற் செய்தி தெரிவிக்கப்படாதவரை, அவர் பழைய பங்காளிகள் எல்லோரையும் பங்காளிகள் என்றே எண்ணி நடக்கலாம். வர்த்தமானியில் விளம்பரம் இடுவது, புதிதாக வருகின்றவர்களுக்கே போதும். பழைய கடன்காரருக்கு நேரே அறிவிக்க வேண்டும்.

தொலைபேசி வழங்கும் நிறுவனம், ஒவ்வொரு மாதமும் கடன் கொடுக்கும் பழைய கடன்காரன் போன்றது. பேசிய பின்னரே அது பணங் கேட்கிறது. ஆகவே எதிர்ச்சாரியிலே புதுக்கடை திறந்தவர், பழைய கடையின் தொலைபேசி அலுவலகத்துக்கு எழுத்திலே அறிவிக்காமல் விட்டால், அவர் கேளாத பேச்சுக்கும் அவரிடம் பணங் கேட்க இடமுண்டு. சொந்தக்காரருக்கும் தெருவாருக்கும் பிரிவு தெரிந்திருந்தது என்பது விடையாகாது. பதிவுத் தபாலிலே சென்ற ஒரு கடிதமும், அதன் பற்றுச்சீட்டும், ஆயிரம் வாய்ச்சாட்சியிலும் மேலானவை.

மரணத்தின் விதி சற்று இரக்கமானது. வேறு உடன்பாடு இல்லாவிடின், பங்காளி ஒருவர் இறந்ததும் பங்குடைமை கலைந்துவிடுகிறது. இறந்த நாள் வரை ஏற்பட்ட கடனுக்கு அவர் விட்டுச்சென்ற ஆதனம் பொறுப்பாகும். அந்நாளுக்குப் பின்னர் ஏற்பட்ட கடனுக்கு அந்த ஆதனம் பொறுப்பன்று. இங்கே அறிவித்தல் கொடுக்கப்பட்டதா என்ற கேள்வியும் எழாது. மனைவியோ பங்காளியே அல்லர். கணவரின் கடனை அவர் தமது கைப்பணத்திலிருந்து கொடுக்கச் சட்டம் கட்டாயப்படுத்தவில்லை. வீட்டுக்கு வந்த பட்டியலைக் கண்டு அஞ்சி, நகையை அடகு வைத்துப் பணங் கட்டுமுன், அவர் செய்யவேண்டியது மரணச் சான்றிதழின் பிரதியொன்றை நிறுவனத்துக்கு அனுப்பி, இறந்த நாளிலே கணக்கைப் பிரிக்கும்படி கேட்பதாகும். மாதப் பட்டியல் ஒன்றானாலும், ஒவ்வொரு வெளியூர் அழைப்புக்கும் நாளும் நேரமும் உண்டு. கணக்கைப் பிரிப்பது இயலாத காரியமன்று.

இனி இரண்டாவது கேள்வி. இணைப்பு யாருக்கு?

தொலைபேசி இணைப்பு, கடையிலுள்ள தராசு போன்ற ஒரு பொருளன்று. கம்பியும் இலக்கமும் வழங்குபவருடைய ஏற்பாட்டைச் சேர்ந்தவை. சந்தாதாரருக்கு இருப்பது ஒப்பந்தத்தினாற் கிடைத்த சேவை. 1961 ஆம் ஆண்டிலே ஐக்கிய அமெரிக்காவில், உடல் மெலிவிக்கும் நிலையங்களை நடத்திய ஸ்லெண்டரெல்லா என்னும் நிறுவனம் முறிந்தபோது, அதன் தொலைபேசி இலக்கங்கள் குறித்து வழக்கு நடந்தது. சந்தாதாரருக்கு அவ்விலக்கங்களிலே சொத்துரிமை இல்லை என இரண்டாம் வட்டார மேன்முறையீட்டு நீதிமன்றம் தீர்த்தது. தொலைபேசி நிறுவனத்துக்கு எதிராகச் சொத்து வாதம் செய்கின்றவர்களுக்கு அத்தீர்ப்பு ஒரு கடிவாளம். மூத்தவரோ இளையவரோ, நிறுவனத்தின் சம்மதமின்றி இணைப்பை விற்கவோ மாற்றிக் கொடுக்கவோ முடியாது.

ஆயினும் நிறுவனத்துக்கு எதிராகச் சொத்தல்லாத ஒன்று, பங்காளிகளுக்குள்ளே மதிப்புடைய உரிமையாக இருக்கக்கூடும். கடையின் பணத்தாற் பெற்றது, வேறு எண்ணம் காணப்படாதவிடத்து, கடைக்கே உரியது என்பது 1890 ஆம் ஆண்டுச் சட்டத்தின் ஏற்பாடு. பதிவேட்டிலே ஒருவர் பெயர் மட்டும் இருந்தாலும், வைப்புப் பணமும் மாதக் கட்டணமும் கடைப் பெட்டியிலிருந்து போயிருக்குமாயின், அவர் கூட்டுக்காகவே அந்த இணைப்பை வைத்திருக்கிறார் என வாதிக்கலாம். இதற்கு மறுபக்கமும் உண்டு. ஒருவர் தமது வீட்டுத் தொலைபேசியைக் கடைக்குச் சிலகாலம் இரவல் கொடுத்திருந்தால், கடைப் பெயரைப் பலகையில் எழுதியதனால் மட்டும் அது கடையுடையதாகிவிடாது. ஆகவே நீதிமன்றத்திலே பேசப்போவது பதிவேட்டுப் பெயரன்று. நாளேடும் பேரேடும் ஆகும். தொலைபேசிச் செலவு எந்தப் பக்கத்தில் எழுதப்பட்டது, யாருடைய பற்றில் வைக்கப்பட்டது என்பவற்றிலே வழக்கின் பாதி அடங்கியிருக்கும். ஆற்றிலே போட்டாலும் அளந்து போடு என்றார்கள் முன்னோர். அளந்ததை எழுதியும் வைக்கவேண்டும்.

மூன்றாவது கேள்வி, இலக்கத்தைப் பற்றியது. இதுவே மற்ற இரண்டிலும் கூர்மையானது; ஏனெனில் பாக்கி ஒருமுறை தீரும், இலக்கமோ நாள்தோறும் வியாபாரம் கொண்டுவரும். தலவாக்கலைத் தோட்டத்திலிருந்து சாமான் கேட்பவருக்குக் கடைக்காரரின் முகம் தெரியாமலிருக்கலாம், இலக்கம் மனப்பாடமாயிருக்கும். பழைய வாடிக்கைக்காரர் பழைய இடத்துக்கே மீண்டும் வருவார் என்ற எதிர்பார்ப்புத்தான் கடையின் நற்பெயர் என 1810 ஆம் ஆண்டிலே எல்டன் பிரபு விளக்கினார். தொலைபேசி வந்தபின் அந்தப் பழைய இடம், தெருவிலே மட்டுமன்றி இலக்கத்திலும் இருக்கிறது.

1896 ஆம் ஆண்டிலே இங்கிலாந்தின் பிரபுக்கள் சபை தீர்த்த திரேகோ எதிர் ஹண்ட் என்னும் வழக்கு இங்கே பொருத்தமானது. இரு பங்காளிகள்; நற்பெயர் ஒருவருக்கே உரியது என உடன்பாடு. காலம் முடியுமுன் மற்றவர், எழுதுவினைஞர் ஒருவரை அமர்த்தி, வாடிக்கைக்காரர்களின் பெயர்களையும் முகவரிகளையும் பிரதி செய்யத் தொடங்கினார். அவர் தனிக்கடை வைக்கலாம், ஆனால் பழைய வாடிக்கைக்காரரைத் தேடிச்சென்று அழைக்கலாகாது எனச் சபை தடைவிதித்தது. அன்று பிரதி செய்யப்பட்டது பெயர்ப் பட்டியல். இன்று எடுத்துச்செல்லப்படுவது தொலைபேசி இலக்கம். நியாயம் மாறவில்லை.

நற்பெயர் யாருக்கு என்று உடன்பாடே இல்லாவிடின், அது கூட்டின் சொத்தாகக் கருதப்பட்டு, எல்லோர் நன்மைக்காகவும் விற்கப்படவேண்டியது. கடையை முடிக்கும் வரை எஞ்சிய பங்காளி தொலைபேசியைப் பாவிக்கலாம். தொடங்கிய கொடுக்கல் வாங்கலை முடிக்க அவருக்கு அதிகாரமுண்டு. ஆனால் கூட்டின் தொடர்பைக் கொண்டு தனக்கெனச் சம்பாதித்தால், அதற்குக் கணக்குக் காட்டவேண்டும். கணக்குத் தீர்க்காமலே ஒருவர் வியாபாரத்தைத் தொடர்ந்து நடத்தினால், விலகியவரோ இறந்தவரின் ஆதனத்தை நிர்வகிப்பவரோ இரண்டில் ஒன்றைத் தெரிந்துகொள்ளலாம்: தமது பங்கின் மூலம் கிடைத்த இலாபம், அல்லது அப்பங்கின் பெறுமதிக்கு ஆண்டுக்கு நூற்றுக்கு ஐந்து வட்டி. மூத்தவரின் மனைவிக்கு இதுவே பெரிய ஆயுதம். அவர் கேட்கவேண்டியது தொலைபேசிக் கருவியையன்று, கணக்கை.

இவ்வளவும் கேட்ட நேயர்கள், சட்டம் பங்காளிக்கு நன்கு துணைநிற்கிறதே என எண்ணலாம். துணைநிற்பது உண்மைதான், ஆனால் அத்துணையைப் பெறும் வாசலிலே ஒரு பூட்டு இருக்கிறது. 1840 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்க மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டத்தின்படி, முதல் ஒரு குறித்த தொகைக்கு மேற்பட்டால் பங்குடைமை உடன்பாடு எழுத்திலே இருந்து, சம்பந்தப்பட்டவர்களின் கையொப்பமும் பெற்றிருக்கவேண்டும். தொடக்கத்தில் நூறு பவுணாக இருந்த அத்தொகை பின்னர் ஆயிரம் ரூபாவென அமைந்தது. 1840 இலே நூறு பவுண் பெரிய வணிகனின் முதல். இன்றைய ஆயிரம் ரூபா, ஒரு மூடை பருப்பு வாங்கவும் போதாது. ஆகவே பெரிய வணிகனுக்கெனப் போட்ட பூட்டு, இன்று சந்திக் கடை வரை எல்லாக் கதவிலும் தொங்குகிறது.

எழுத்து இல்லாவிட்டால் என்ன நேரும்? 1915 ஆம் ஆண்டிலே பேற் எதிர் பேற் என்னும் இலங்கை வழக்கிலே, எழுத்தின்றிப் பங்குடைமை உண்டென நிலைநாட்ட ஒரு பங்காளியால் இயலாது எனக் கோமறைக் கழகம் தீர்த்தது. அதே சட்டம் வெளியாருக்கு வேறு முகம் காட்டுகிறது. பங்காளிகளைப் போல் நடந்தவர்கள்மீது வழக்கு வைக்க வெளியாருக்குத் தடையில்லை; சூழ்நிலைகளைக் கொண்டே அவர்கள் பங்குடைமையை நிரூபிக்கலாம். இதன் விளைவைத் தொலைபேசியிலே வைத்துப் பார்த்தாற் கடுமை தெரியும். பாக்கி கேட்கும் நிறுவனத்துக்கு, நீங்கள் இருவரும் பங்காளிகளே என்று காட்ட வழி திறந்திருக்கிறது. கட்டிய பாக்கியிலே பாதியையும் கடையின் நற்பெயரிலே தமது பங்கையும் கேட்கும் பங்காளிக்கோ அவ்வழி மூடியிருக்கிறது. கடனுக்குப் பங்காளி, உரிமைக்கு அந்நியன். எழுதாமல் விட்ட ஒரு தாளின் விலை இதுதான்.

மலைநாட்டிலே இந்த விலையைக் கொடுத்தவர்கள் பலர். வாய்ச்சொல்லை நம்பியதற்கு அவர்களைக் குறைகூற முடியாது. கடையையே தளம்பச் செய்த காலங்கள் அங்கே வந்து போயின. 1948 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் இந்திய வம்சாவளியினர் பெரும்பாலோரைப் பிரஜைகள் அல்லாதோர் ஆக்கிற்று. 1964 ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதத்திலே சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் செய்த உடன்படிக்கை, 9,75,000 பேரின் கதியைக் குறித்து, அவர்களுள் 5,25,000 பேரை இந்தியா ஏற்பதென வகுத்தது. அத்தகைய காலத்திலே பங்காளி ஒருவர் கப்பலேறிவிட்டால், அவர் பெயரிலுள்ள இணைப்பை மாற்ற அவருடைய கையொப்பத்தை எங்கே தேடுவது? 1983 ஆம் ஆண்டு ஜூலை மாத வன்செயலிலே நுவரெலியாவிலும் பிற நகரங்களிலும் கடைகள் எரிந்தபோது, கணக்கேடுகளும் உறுதிகளும் உடன் எரிந்தன. எழுதியவர்களுக்கே இக்கதியெனின், எழுதாதவர் நிலையைச் சொல்லவேண்டுவதில்லை. எழுதிய உடன்பாட்டின் ஒரு பிரதியேனும் கடைக்கு வெளியே, நொத்தாரிசிடமோ வங்கியிலோ இருத்தல் வேண்டும் என்பதை அக்காலம் கற்பித்தது.

இன்னொரு பதிவும் கவனத்துக்குரியது. 1918 ஆம் ஆண்டின் 6 ஆம் இலக்க வியாபாரப் பெயர்கள் கட்டளைச் சட்டத்தின்படி, தம் முழுப்பெயர்களை விட வேறு பெயரிலே கூட்டு வியாபாரம் நடத்துபவர்கள் அப்பெயரைப் பதிவு செய்யவேண்டும். பங்காளி சேர்ந்தாலும் விலகினாலும் 14 நாட்களுக்குள் அறிவிக்கவேண்டும். பதியாதவர், அவ்வியாபாரத்தில் எழுந்த ஒப்பந்த உரிமையை, நீதிமன்றம் சலுகை அளித்தாலன்றி, வழக்காடிப் பெறமுடியாது. கடையின் பெயர் ஓர் அலுவலகத்திலே பழைய பங்காளிகளைக் காட்ட, தொலைபேசிப் பதிவேடு வேறொருவரைக் காட்ட, பலகை மூன்றாவதொன்றைக் காட்டுமாயின், அங்கே உண்மை எது என்பதைக் கண்டறிய நீதிபதிக்கும் காலம் பிடிக்கும். மூன்றும் ஒன்றையே சொல்லும்படி வைத்துக்கொள்வது செலவற்ற காப்பு.

கடலுக்கு அப்பால் தமிழ்நாட்டிலும் ஏனைய இந்தியப் பகுதிகளிலும், இத்தகராறு வேறொரு வடிவில் எழுந்தது. 1885 ஆம் ஆண்டின் இந்தியத் தந்திச் சட்டத்தின் கீழ் 1951 இல் ஆக்கப்பட்ட விதிகளுள் 443 ஆம் விதி, கட்டணம் கட்டத் தவறிய சந்தாதாரர் வாடகைக்குப் பெற்ற எந்தத் தொலைபேசியையும் துண்டிக்க இடமளித்தது. கடைத் தொலைபேசியின் பாக்கிக்காகப் பங்காளியின் வீட்டுத் தொலைபேசியைத் துண்டிக்கலாமா? விதியின் சொல், அவர் பெற்ற தொலைபேசி என்பதே. கடை வேறு, அவர் வேறு என்று பங்காளி சொல்வார். கடை ஓர் ஆளன்று, ஆகவே கடை பெற்றது அவரும் பெற்றதே என்று திணைக்களம் சொல்லும். கூட்டுக் கடைக்குத் தனியுடல் இல்லை என்ற கோட்பாடு, வீட்டு வாசல் வரை வந்து மணியடிப்பதை இவ்விதி காட்டுகிறது.

எந்த மன்றத்துக்குச் செல்வது என்பதும் அங்கே பெரும் சிக்கலாயிற்று. 1957 இல் சேர்க்கப்பட்ட 7பி என்னும் பிரிவு, தொலைபேசிச் சச்சரவுகளை நடுத்தீர்ப்பாளரிடம் விடச் சொன்னது. கோழிக்கோட்டிலே கட்டணம் கட்டாமையால் இணைப்பு துண்டிக்கப்பட்ட சந்தாதாரர் ஒருவருக்கு நுகர்வோர் மன்றம் 5,000 ரூபா நட்டஈடு வழங்கிற்று. 2009 ஆம் ஆண்டிலே இந்திய உச்ச நீதிமன்றம், 7பி பிரிவு இருக்கையில் நுகர்வோர் மன்றத்துக்கு இடமில்லை என அதனைத் தள்ளியது. 2022 ஆம் ஆண்டிலே அதே நீதிமன்றம் வேறொரு வழக்கிலே, அக்கருத்துச் சரியன்று, நுகர்வோர் மன்றத்தை நாடத் தடையில்லை எனத் தீர்த்தது. சந்தாதாரர் எந்த வாசலைத் தட்டவேண்டும் என்பது தெளிவாக அத்தனை ஆண்டுகள் சென்றன. 2023 இல் இந்தியா புதிய தொலைத்தொடர்புச் சட்டத்தையும் இயற்றியுள்ளது.

இலங்கையிலோ வாசல்கள் வேறு. 1991 ஆம் ஆண்டின் 25 ஆம் இலக்கத் தொலைத்தொடர்புச் சட்டமும், 1996 ஆம் ஆண்டின் திருத்தத்தாலே அமைந்த தொலைத்தொடர்புகள் ஒழுங்குபடுத்தல் ஆணைக்குழுவும், சேவை வழங்குவோர்க்கும் பாவனையாளர்க்கும் இடைப்பட்ட முறைப்பாடுகளைக் கவனிக்கின்றன. கட்டணப் பட்டியல் தவறு, நியாயமற்ற துண்டிப்பு என்பன அங்கே செல்லலாம். ஆனால் பங்காளி ஒருவர் மற்றவர்மீது சொல்லும் குறையை அந்த ஆணைக்குழு தீர்க்கமாட்டாது. அது நீதிமன்றத்தின் வேலை. சிறு தொகைப் பிணக்குகள் 1988 ஆம் ஆண்டின் 72 ஆம் இலக்கச் சட்டத்தால் ஏற்பட்ட மத்தியஸ்த சபைக்கு முதலிற் செல்லவேண்டும். அதற்கு மேற்பட்டவை அட்டனிலோ நுவரெலியாவிலோ உள்ள மாவட்ட நீதிமன்றத்துக்கு வரும். காலமும் கடந்துவிடலாகாது. 1871 ஆம் ஆண்டின் காலவிதிப்புக் கட்டளைச் சட்டத்தின்படி, எழுத்திலான பங்குடைமை உடன்பாட்டின் மீறலுக்கு ஆறு ஆண்டுகள். எழுத்தில்லாத உடன்பாடுகளுக்கு மூன்று ஆண்டுகள். எழுதியவருக்குச் சட்டம் அவகாசத்தையும் இரட்டிப்பாக்கித் தருகிறது.

தொலைபேசி எங்கும் மலிந்துவிட்ட இன்று இப்பிரச்சினை தீர்ந்துவிட்டதென எண்ணலாகாது. அட்டனுக்கு 051 என்றும் நுவரெலியாவுக்கு 052 என்றும் தொடங்கும் நிலையான இணைப்புகளோடு, கையடக்கத் தொலைபேசியே இன்று கடையின் வாயாகவும் காதாகவும் இருக்கிறது. சாமான் பட்டியலும் பணம் செலுத்திய செய்தியும் அதன் வழியே வருகின்றன. அந்த இலக்கமோ ஒரு பங்காளியின் அடையாள அட்டையிலே, அவர் தனிப்பெயரிலே பதியப்பட்டிருக்கும். கருவியும் அவர் சட்டைப் பையிலேயே இருக்கும். முன்னே மேசையிலிருந்த தொலைபேசியைத் தூக்கிச்செல்ல ஒருவர் அஞ்சினார்; இன்று அது பங்காளியோடு தானே நடந்து போய்விடுகிறது. பிணக்கு பழையது, அதன் விரைவு புதியது.

செய்யவேண்டியது அதிகமில்லை. பங்குடைமையை எழுதி, எல்லோரும் கையொப்பமிட வேண்டும். கடைப் பாவனைக்குரிய இலக்கங்கள் எவை, யார் பெயரிலிருந்தாலும் அவை கூட்டுக்குரியனவா, பிரியும்போது எவருக்குச் சேரும், பெறாதவருக்கு என்ன ஈடு என்பதை அதிலே நாலு வரியிற் குறிக்கவேண்டும். கட்டணத்தைக் கடைக் கணக்கிலே எழுதவேண்டும். பங்காளி மாறிய அன்றே தொலைபேசி நிறுவனத்துக்கும் வியாபாரப் பெயர்ப் பதிவாளருக்கும் எழுத்திலே அறிவிக்கவேண்டும். இருவரும் ஒரே இலையில் உண்ணும் நாளிலே இதனை எழுதுவது அவநம்பிக்கையாகத் தோன்றலாம். ஆனால் அந்நாளிலேதான் நியாயமாக எழுத முடியும். மனம் முறிந்தபின் ஒருவர் எழுதுவதை மற்றவர் ஒப்பமாட்டார். இறந்தபின் எழுதக் கையே இல்லை. நல்ல உறவின் நாளிலே எழுதிய நாலு வரி, இருவரும் இல்லாத நாளிலும் இரு வீட்டுப் பிள்ளைகளுக்கும் நடுவே நின்று நியாயம் சொல்லும்.